ரிட்டா, ட்ரிப்யூனலா, சிவில் வழக்கா: வேலை போன கல்லூரி ஆசிரியர் எந்தப் படியேறுவது?

"சார், ஹைகோர்ட்டில் ஒரு ரிட் போட்டுவிடலாமா?"

வேலை போன கல்லூரி ஆசிரியர்கள் முதலில் கேட்பது இதைத்தான். ரிட் என்றால், அரசோ பொதுக் கடமை செய்யும் அமைப்போ சட்டப்படி நடக்க உத்தரவிடக் கேட்டு உயர் நீதிமன்றத்தில் நேராகப் போடும் மனு. போன வாரம் ஒருவர் கேட்டார். சுயநிதிக் கல்லூரி. ஆறு மாதச் சம்பளம் பாக்கி, அசல் சான்றிதழ்கள் கல்லூரி அலமாரியில். கையில் ஆர்டர் என்று எதுவும் இல்லை. "நாளையிலிருந்து வர வேண்டாம்" என்று துறைத்தலைவர் போனில் சொன்னதோடு சரி. அவருக்கு நான் சொன்ன பதிலும், அதற்கு முந்தைய மாதம் அரசு உதவி பெறும் கல்லூரி ஆசிரியை ஒருவருக்குச் சொன்ன பதிலும் நேர்மாறானவை. ஏன் அப்படி என்பதை எழுதிவைத்தால் இன்னும் நாலு பேருக்கு உதவும்.

நான் வழக்கறிஞன் அல்ல. சங்க வேலையாக இருபது ஆண்டுகளுக்கு மேல் கல்லூரிக் கல்வி இணை இயக்குநர் அலுவலகத்துக்கும் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்கும் சக ஆசிரியர்களோடு நடந்தவன். பார்த்தவரையில், நம் ஆட்கள் வழக்கில் நியாயம் இல்லாமல் தோற்றது குறைவு. போகக்கூடாத இடத்துக்குப் போய், அல்லது போகவேண்டிய இடத்துக்குத் தாமதமாகப் போய்க் கெட்டதுதான் அதிகம். இங்கே எழுதுவது தமிழ்நாட்டை மனத்தில் வைத்து. மற்ற மாநிலங்களில் சட்டத்தின் பெயரும் ட்ரிப்யூனலின் (தீர்ப்பாயத்தின்) அமைப்பும் மாறும்.

## எதை வைத்து ஒப்பிடுவது

முதல் கேள்வி, உங்களுக்கு என்ன வேண்டும்? வேலையா, பணமா, காகிதமா? காகிதம் என்றால் அசல் சான்றிதழ், ரிலீவிங் ஆர்டர், அனுபவச் சான்று. மூன்றும் வேண்டும் என்றுதான் எல்லாரும் சொல்வார்கள். ஆனால் ராத்திரி தூங்கும்முன் தனக்குத்தானே கேட்டுக்கொண்டால் ஒன்றுதான் முன்னால் வந்து நிற்கும். "அந்த முகத்தில் மறுபடி முழிக்கவே பிடிக்கவில்லை" என்பவர் பணியில் மீண்டும் அமர்த்தக் கேட்டு ஏழெட்டு வருடம் வழக்கு நடத்துவதில் அர்த்தமில்லை.

இரண்டாவது, எதிரே நிற்பது யார்? அரசுக் கல்லூரியா, அரசு உதவி பெறும் கல்லூரியா, சுயநிதியா, நிகர்நிலைப் பல்கலைக்கழகமா, சிறுபான்மை நிறுவனமா? ஒரே மாதிரி அநியாயம்தான். ஆனால் எதிராளியைப் பொறுத்துக் கதவு மாறும்.

மூன்றாவது, கடிகாரம் எப்போது ஓட ஆரம்பித்தது? நான்காவது, உங்கள் பக்க நியாயம் காகிதத்தில் இருக்கிறதா, வாய்ச்சாட்சி வேண்டுமா? ஐந்தாவது, ஜெயித்தால் அதற்கு மேலே எத்தனை மாடி இருக்கிறது? அப்பீல், அதற்கு அப்பீல் என்று போகும்போது நிர்வாகத்தின் வக்கீல் பீஸை டிரஸ்ட் கட்டும், உங்களுடையதை நீங்கள்தான் கட்ட வேண்டும்.

## லேபர் கோர்ட்: இந்தக் கதவு நமக்கில்லை

இதைச் சீக்கிரம் முடித்துவிடலாம். கோவாவைச் சேர்ந்த பள்ளி ஆசிரியை சுந்தராம்பாள் தொடுத்த வழக்கில் 1988-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது: கல்வி நிறுவனம் சட்டப்படி 'தொழில்'தான், ஆனால் அங்கே பாடம் நடத்துபவர் 'தொழிலாளி' அல்ல. கல்லூரி பஸ் ஓட்டுபவருக்கு லேபர் கோர்ட் உண்டு, அதே பஸ்ஸில் வரும் பேராசிரியருக்கு இல்லை. வேடிக்கைதான், ஆனால் நிலைமை அதுதான். 2025 நவம்பர் 21 முதல் புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் நடைமுறைக்கு வந்திருக்கின்றன. அதைக் காட்டி "இப்போது ஆசிரியருக்கும் லேபர் கோர்ட் திறந்துவிட்டது" என்று யாராவது சொன்னால், எந்தப் பிரிவு என்று எழுதித் தரச் சொல்லுங்கள். ஒரு விஷயத்தில் மட்டும் தொழிலாளர் துறை நமக்கு நிஜமாகவே உதவும். அது பணிக்கொடை; பின்னால் வருகிறது.

## சட்டம் போட்டுத் தந்த பாதை: முன் அனுமதி, மேல்முறையீடு, ட்ரிப்யூனல்

தமிழ்நாடு தனியார் கல்லூரிகள் (ஒழுங்குமுறை) சட்டம், 1976. வேலையில் சேர்ந்த அன்றே படித்திருக்க வேண்டிய சட்டம் இது. பெரும்பாலானவர்கள் சார்ஜ் மெமோ (குற்றச்சாட்டுக் குறிப்பாணை) வந்த பிறகுதான் தேடுகிறார்கள். இதன் 19-ஆம் பிரிவுதான் நமக்கு முதுகெலும்பு. தகுதிவாய்ந்த அதிகாரியின் முன் அனுமதி இல்லாமல் தனியார் கல்லூரி ஆசிரியரை டிஸ்மிஸ் செய்யவோ, நீக்கவோ, பதவி இறக்கவோ, வேறு வகையில் பணியை முடிக்கவோ கூடாது. சஸ்பெண்டுக்கும் வரம்பு உண்டு. இரண்டு மாதம், அதிகாரி நீட்டித்தால் மேலும் இரண்டு மாதம். அதற்குள் விசாரணை முடியாவிட்டால் ஆசிரியர் பணிக்குத் திரும்பியவராகவே கருதப்பட வேண்டும். ஒன்றரை வருடம் சஸ்பெண்டில் வீட்டில் உட்கார்ந்திருந்த ஒருவரை எனக்குத் தெரியும். இந்த வரம்பு அவருக்கும் தெரியாது, அவர் போட்ட முதல் மனுவை எழுதியவருக்கும் தெரியாது.

தண்டனை ஆர்டர் வந்தபின் 20-ஆம் பிரிவில் மேல்முறையீடு. அதிலும் தோற்றால் 21-ஆம் பிரிவில் ட்ரிப்யூனலுக்கு இரண்டாம் மேல்முறையீடு. ட்ரிப்யூனல் என்றதும் தனிக் கட்டடத்தைக் கற்பனை செய்ய வேண்டாம். வழக்கமான நீதிபதி ஒருவரையே ட்ரிப்யூனலாக அறிவித்திருப்பார்கள். சொத்து வழக்குகளுக்கும் பாகப் பிரிவினைகளுக்கும் நடுவே உங்கள் கட்டும் அழைக்கப்படும்.

இந்தப் பாதையின் பலம் என்னவென்றால், இங்கே உண்மைகளுக்குள் இறங்க முடியும். விசாரணை அதிகாரி உங்கள் சாட்சியைக் கூப்பிட மறுத்தாரா, குற்றச்சாட்டுக்கும் தண்டனைக்கும் பொருத்தம் இருக்கிறதா என்பதையெல்லாம் உயர் நீதிமன்றம் மேலோட்டமாகத்தான் பார்க்கும். மேல்முறையீட்டில் வரிவரியாகப் பார்க்கலாம். உள்ளூர் என்பதால் பயணச் செலவும் மிச்சம்.

முன் அனுமதி வாங்காமல் நீக்கியிருந்தால் உங்கள் கை ஓங்கியிருக்கிறது. ராஜஸ்தானின் இதே போன்ற சட்டத்தை வைத்து 2023 ஜனவரியில் கஜானந்த் சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம், ஒழுங்கு விசாரணை முறையாக நடந்திருந்தாலும்கூட முன் அனுமதி வேண்டும் என்றது. நிர்வாகத் தரப்பு இதற்கு எதிராகத் தூக்கிக் காட்டுவது 2002-இன் டி.எம்.ஏ. பாய் தீர்ப்பை. பதினொரு நீதிபதிகள் அமர்ந்த அந்த வழக்கில், உதவி பெறாத நிறுவனங்கள் தண்டிப்பதற்கு முன் அரசு அனுமதி கேட்கத் தேவையில்லை, மாவட்டந்தோறும் கல்வி ட்ரிப்யூனல் அமைத்து ஆசிரியருக்கு மேல்முறையீட்டு உரிமை கொடுத்தால் போதும் என்ற போக்கில் ஒரு பத்தி இருக்கிறது. சிறுபான்மைக் கல்லூரி என்றால், சிறுபான்மையினருக்குக் கல்வி நிறுவனம் நடத்தும் உரிமை தருகிற அரசியல் சட்டத்தின் 30-ஆம் உறுப்பையும் சேர்த்துக்கொள்வார்கள். ஆகவே உதவி பெறும், சிறுபான்மையல்லாத கல்லூரி ஆசிரியருக்கு 19-ஆம் பிரிவு இரும்புக் கேடயம். சுயநிதி ஆசிரியருக்குக் கேடயம்தான், ஆனால் சண்டையின் பாதி அந்தக் கேடயத்தைப் பற்றியே நடக்கும். நிகர்நிலைப் பல்கலைக்கழகம் என்றால் அது ஒரு பல்கலைக்கழகத்தோடு இணைந்த கல்லூரியே அல்ல, இந்தப் பாதை அங்கே கிடையாது.

மறைந்திருக்கும் செலவு? மேல்முறையீட்டு மனு ஒரு மேசையில் தூங்கிக்கொண்டிருக்கும்போது உங்களுக்கு முடிவும் இருக்காது, முடிவு இல்லாததால் ட்ரிப்யூனலுக்கும் போக முடியாது. "குறிப்பிட்ட நாளுக்குள் முடிவெடு" என்று கேட்டு ஒரு சின்ன ரிட் போட வேண்டிவரும். அந்த ரிட்டுக்கு மட்டும் நான் எப்போதும் சரி என்பேன்.

## ரிட் மனு: கவர்ச்சி அதிகம், நிபந்தனையும் அதிகம்

ரிட் மேல் நம் ஆட்களுக்குள்ள மோகம் காரணமில்லாதது அல்ல. கோர்ட் கட்டணம் மிகக் குறைவு. சாட்சி விசாரணை இல்லை. பிரமாணப் பத்திரமும் ஆவணங்களும் போதும். அதிர்ஷ்டம் இருந்தால் முதல் நாளே இடைக்காலத் தடை கிடைக்கும். 2004-இல் மதுரைக் கிளை வந்தபின் தென்மாவட்டத்துக்காரர்களுக்குச் சென்னைப் பயணமும் மிச்சம்.

அரசுக் கல்லூரி ஆசிரியருக்கு இதைவிட வேறு வழி பெரிதாக இல்லை. மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் என்று ஒன்று இருந்து மூடப்பட்டுவிட்டதால், இடமாறுதல், பதவி உயர்வு, தண்டனை எல்லாமே உயர் நீதிமன்றம்தான். உதவி பெறும் கல்லூரிக்கும் கதவு திறந்தே இருக்கிறது. 1989-இல் வந்த ருதானி தீர்ப்பை இதற்கு நன்றியோடு நினைக்க வேண்டும். அகமதாபாத்தில் ஒரு டிரஸ்ட் தன் அறிவியல் கல்லூரியை மூடிவிட்டு, ஆசிரியர்களுக்குச் சேர வேண்டியதைத் தராமல், "நாங்கள் தனியார், எங்கள் மேல் ரிட் செல்லாது" என்றது. பொதுக் கடமை செய்கிற, அரசுப் பணம் வாங்குகிற கல்லூரி மேல் செல்லும் என்றது உச்ச நீதிமன்றம்.

சுயநிதியில்தான் சிக்கல். 2022 ஆகஸ்டில் செயின்ட் மேரிஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் கோட்டைக் கிழித்துவிட்டது. கல்வி தருவது பொதுக் கடமையாக இருக்கலாம். ஆனால் நிர்வாகத்துக்கும் ஊழியருக்கும் இடையிலுள்ள வெறும் ஒப்பந்தத் தகராறுக்கு ரிட் இல்லை. பணி நிபந்தனைகளை ஒரு சட்டம் ஆள்கிறது, அந்தச் சட்டம் மீறப்பட்டது என்று காட்டினால்தான் உள்ளே வரலாம். 2024-இல் ராணுவ நலக் கல்விச் சங்கத்தின் பள்ளி ஆசிரியர்கள் வழக்கிலும் இதே தொனிதான். ஆகவே சுயநிதி ஆசிரியர் "எனக்குச் சம்பளம் தரவில்லை" என்று மட்டும் எழுதினால் மனு வாசலிலேயே நிற்கும். "19-ஆம் பிரிவு அனுமதி வாங்காமல் என்னை நீக்கினார்கள், புகார் கொடுத்தும் இணை இயக்குநர் அசையவில்லை" என்று அதிகாரியையும் எதிர்மனுதாரராகச் சேர்த்து எழுதினால் ஓரளவு தேறும்.

இன்னொரு தடை, மாற்று வழி இருக்கும்போது ஏன் இங்கே வந்தாய் என்ற கேள்வி. ட்ரிப்யூனல் இருக்கிறதே, போ என்று திருப்பி அனுப்பலாம். விளக்கம் கேட்காமலே நீக்கியிருந்தால், அல்லது அதிகாரமே இல்லாதவர் ஆர்டர் போட்டிருந்தால், நேராக வரலாம். இரண்டும் இல்லாமல், "ட்ரிப்யூனல் மெதுவாகப் போகும்" என்பதற்காக மட்டும் வந்தால் ஒரு வருடம் வீண்.

இப்போது எனக்கு மிகவும் கசப்பான பகுதிக்கு வருகிறேன். நண்பர் ஒருவர், பணியைத் தொடர்ச்சியாகக் கணக்கிட வேண்டும் என்று ரிட் போட்டார். முதல் நாளே முடிந்தது. வெளியே வந்து எல்லாருக்கும் டீ வாங்கிக் கொடுத்தார். ஆர்டர் நகலை வாங்கிப் படித்தேன். "மனுதாரரின் கோரிக்கை மனுவை, தகுதியின் அடிப்படையில், எட்டு வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும்." அவ்வளவுதான். பரிசீலிக்கச் சொன்னார்களே ஒழிய, கொடுக்கச் சொல்லவில்லை. பதினோராவது வாரம் ஒரு பக்கத்தில் 'நிராகரிக்கப்படுகிறது' என்று வந்தது. அதை எதிர்த்து இரண்டாவது ரிட், இரண்டாவது பீஸ். முதல் ரிட்டை வெற்றி என்று எண்ணி வீட்டில் சொல்லியும்விட்டார்.

இதே நோய்க்கு இன்னொரு முகம் உண்டு. மனுமேல் மனுவாக அனுப்பிக்கொண்டிருந்தால் காலக்கெடு நீளும் என்ற நம்பிக்கை. ஒருவர் மஞ்சள் பையில் பதினொரு கோரிக்கை மனுக்களைக் கொண்டுவந்தார். ஒவ்வொன்றின் மூலையிலும் ஒப்புகை அட்டை பின் அடித்திருந்தது. ஒழுங்கு என்றால் அப்படியொரு ஒழுங்கு. வக்கீல் எல்லாவற்றையும் புரட்டிவிட்டு, "முதல் ஆர்டர் எங்கே சார்?" என்றார். அது இல்லை. தேதி பார்த்தால் ஒன்பது வருடத்துக்கு முந்தையது. 2008-இல் சி. ஜேக்கப் வழக்கில், செத்துப்போன உரிமைக்கு மனு கொடுத்து உயிரூட்ட முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதுவும் தமிழ்நாட்டிலிருந்து போன வழக்குதான். ரிட்டுக்குச் சட்டத்தில் இத்தனை நாள் என்ற வரம்பு இல்லை என்பது உண்மை. ஆனால் தாமதத்தை விளக்க முடியாவிட்டால் நீதிமன்றம் காதுகொடுக்காது.

ஜெயித்த பிறகு? தனி நீதிபதிக்கு மேல் இரு நீதிபதிகள் முன் ரிட் அப்பீல், அதற்கு மேல் டெல்லி. ஆர்டரை நிறைவேற்றாவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனு. அதை ஒரு வருடத்துக்குள் போட வேண்டும். "பேசித் தீர்த்துக்கொள்ளலாம்" என்று நிர்வாகம் பதின்மூன்று மாதம் இழுத்தால் அந்த ஆயுதம் கையைவிட்டுப் போய்விடும். இழுக்கத் தெரிந்தவர்கள் இழுப்பார்கள்.

## சிவில் வழக்கு: வேலைக்கு உதவாது, பணத்துக்கு உதவும்

உத்தரப் பிரதேசத்தின் ஷாம்லியில் இருக்கும் வைஷ் டிகிரி கல்லூரி வழக்கில் 1970-களின் நடுவிலேயே உச்ச நீதிமன்றம் இதைத் தீர்த்துவிட்டது. தனிப்பட்ட சேவைக்கான ஒப்பந்தத்தைக் கோர்ட் கட்டாயப்படுத்தி நடத்தவைக்காது. தனியார் நிர்வாகம் நீக்கியது தவறாகவே இருந்தாலும் நஷ்டஈடுதான், வேலை இல்லை. அரசியல் சட்டப் பாதுகாப்புள்ள அரசு ஊழியர், தொழிலாளர் சட்டத்துக்குள் வருபவர், சட்டத்தால் உருவான அமைப்பின் ஊழியர் ஆகியோருக்கு மட்டும் விலக்கு. நஷ்டஈடும் பெரிதாக இருக்காது. ஒப்பந்தத்தில் ஒரு மாத நோட்டீஸ் என்று இருந்தால், ஒரு மாதச் சம்பளத்தைத் தாண்டி வாங்குவது கஷ்டம்.

ஆனால் சம்பள பாக்கி வேறு சமாசாரம். வேலை செய்தீர்கள், தரவில்லை. இது கடன் மாதிரி. மூன்று வருடத்துக்குள் வழக்குப் போட வேண்டும். ஒவ்வொரு மாதச் சம்பளத்துக்கும் தனித்தனியாகக் கடிகாரம் ஓடும் என்பதை மறக்க வேண்டாம். கோர்ட் கட்டணம் கேட்ட தொகையில் 3 சதவீதம். 2017-க்கு முன் ஏழரை சதவீதமாக இருந்தது. நாலு லட்சம் பாக்கி என்றால் 12,000 ரூபாய். சான்றிதழைத் திருப்பித் தரச் சொல்லியும் இதே வழக்கில் கேட்கலாம்.

இதன் மறைமுகச் செலவு வாய்தா. சாட்சிக் கூண்டில் ஏறி, வருகைப் பதிவேட்டையும் வங்கிக் கணக்கையும் காட்டி, குறுக்கு விசாரணையில் நிற்க வேண்டும். புதுக் கல்லூரியில் சேர்ந்தவர் ஒவ்வொரு வாய்தாவுக்கும் லீவு கேட்க வேண்டும். எதற்கென்று அங்கே கேட்பார்கள்.

தவறான இடத்தில் ரிட் போட்டுக் காலம் போய்விட்டதா? நல்லெண்ணத்தோடும் அக்கறையோடும் அங்கே நடத்தியிருந்தால், அந்தக் காலத்தைக் கழித்துக்கொள்ளக் காலவரம்புச் சட்டத்தின் 14-ஆம் பிரிவு இடம் தருகிறது. ரிட் தள்ளுபடியானவுடன் உடனே வந்தால்தான் இது கேட்கும்.

## பணிக்கொடையும் பி.எஃப்.பும்: யாரும் கேட்காத நல்ல வழி

என்னைக் கேட்டால், சுயநிதி ஆசிரியர் முதலில் தட்ட வேண்டிய கதவு இதுதான். கௌரவமான கதவு இல்லை. செய்தித்தாளில் பெயர் வராது. ஆனால் திறக்கிறது.

2004-இல் உச்ச நீதிமன்றம், ஆசிரியர் பணிக்கொடைச் சட்டத்துக்குள் வரமாட்டார் என்றது. நாடாளுமன்றம் 2009-இல் சட்டத்தைத் திருத்தி, 1997 ஏப்ரல் 3 முதலே பொருந்தும்படி ஆசிரியரைச் சேர்த்தது. தனியார் பள்ளிகள் அதை எதிர்த்துப் போய் 2022 ஆகஸ்டில் தோற்றன. ஆகவே இதில் இப்போது சந்தேகத்துக்கு இடமில்லை. ஐந்து வருடம் தொடர்ந்து வேலை செய்திருந்தால், ஒவ்வொரு வருடத்துக்கும் 15 நாள் சம்பளம். மாதத்தை 26 நாளாக வைத்துக் கணக்கு. கடைசிச் சம்பளம் 30,000, சர்வீஸ் 12 வருடம் என்றால் 2,07,692 ரூபாய். உச்சவரம்பு 20 லட்சம். விலகி 30 நாளுக்குள் கொடுக்க வேண்டும்; தாமதமானால் வட்டி. ராஜினாமா செய்தாலும் உண்டு.

இதில் எனக்கு மிகப் பிடித்த அம்சம், தொழிலாளர் துறை அதிகாரி உங்களுக்குச் சாதகமாகச் சொல்லிவிட்டால் நிர்வாகம் அந்தத் தொகையைக் கட்டிவிட்டுத்தான் அப்பீலுக்குப் போக முடியும் என்பது. மற்ற எல்லாப் பாதையிலும் அப்பீல் என்பது பணத்தைத் தள்ளிப்போடும் வழி. இங்கே இல்லை. புதிய தொகுப்புகள் வந்திருப்பதால் மனுவில் எந்தச் சட்டத்தின் பெயரைப் போடுவது என்பதை மட்டும், நீங்கள் விலகிய தேதியைச் சொல்லி, கேட்டுக்கொள்ளுங்கள்.

பி.எஃப். பிடித்தம் செய்துவிட்டுக் கட்டாமல் இருந்தால் வருங்கால வைப்பு நிதி அலுவலகத்தில் புகார். கல்வி நிறுவனங்கள் 1982 முதலே இதற்குள் இருக்கின்றன. விசாரணையை அலுவலகமே நடத்தும். உங்களுக்கு வக்கீல் தேவைப்படாது.

ஒரு எச்சரிக்கை. நீக்கத்தை எதிர்த்தும் வழக்கு நடத்துகிறீர்கள் என்றால், பணிக்கொடையை வாங்கும்போது "வழக்குக்கும் என் உரிமைகளுக்கும் பாதகமின்றிப் பெற்றுக்கொள்கிறேன்" என்று எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். இல்லையென்றால் நீக்கத்தை ஒப்புக்கொண்டுதான் வாங்கினார் என்பார்கள்.

## எல்லாவற்றையும் பக்கத்தில் வைத்தால்

| வழி | வேலை திரும்ப வருமா | பணம் | காலம் | மறைந்த செலவு |
|---|---|---|---|---|
| மேல்முறையீடு, ட்ரிப்யூனல் | வரும் | பின்சம்பளம் (நீக்கப்பட்டிருந்த காலத்துச் சம்பளம்) கேட்கலாம் | சட்டத்தில் சொன்ன கெடு, கறார் | மேசையில் தூங்கும் கோப்பு |
| ரிட் | அரசு, உதவி பெறும் கல்லூரியில் வரும். சுயநிதியில் சந்தேகம் | ஆவணத்தில் மறுப்பு இல்லாவிட்டால் | வரம்பு இல்லை, தாமதம் கொல்லும் | 'பரிசீலி' ஆர்டர், அப்பீல் மாடிகள் |
| சிவில் வழக்கு | அநேகமாக வராது | சம்பள பாக்கிக்கு நல்லது | 3 வருடம் | 3 சதவீதம், வாய்தா |
| பணிக்கொடை, பி.எஃப். | வராது | நிச்சயம், ஆனால் அளவானது | சீக்கிரம் போவது நல்லது | குறைவு |

பின்சம்பளம் பற்றி ஒரு வார்த்தை. 2013-இல் தீபாலி குண்டு சுர்வாசே வழக்கில், தவறாக நீக்கப்பட்ட ஆசிரியைக்குப் பின்சம்பளத்தோடு வேலை என்பதே பொதுவிதி என்றது உச்ச நீதிமன்றம். ஆனால் "நீக்கப்பட்ட காலத்தில் வேறு வருமானமுள்ள வேலையில் இல்லை" என்று நீங்கள் முதலில் சொல்ல வேண்டும். சொன்னால்தான் மறுத்து நிரூபிக்கும் பாரம் நிர்வாகத்தின் தலையில் விழும். மனுவில் இந்த ஒரு வரி விட்டுப்போனதால் ஐந்து வருடச் சம்பளம் போனவரைப் பார்த்திருக்கிறேன். டியூஷன் எடுத்தீர்களா, மறைக்காமல் சொல்லிவிடுங்கள்.

## யாருக்கு எது

போன மாதம் வந்த ஆசிரியை உதவி பெறும் கல்லூரி. விசாரணை நடத்தி, இணை இயக்குநரின் அனுமதி வாங்காமலே நீக்கிவிட்டார்கள். அவருக்கு வேலைதான் வேண்டும். ஓய்வுக்கு இன்னும் பதினான்கு வருடம் இருக்கிறது. மேல்முறையீடு போடுங்கள், அது நகராவிட்டால் ரிட் என்றேன். பெண் என்பதால் வருமானம் எவ்வளவாக இருந்தாலும் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் இலவச வக்கீல் கேட்கலாம் என்பது அவருக்குத் தெரியவே இல்லை. பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கும் இதே உரிமை உண்டு.

அரசுக் கல்லூரிக் கௌரவ விரிவுரையாளர் என்றால் கணக்கு வேறு. நிரந்தரம் கேட்டால், தற்காலிகப் பணியாளர் அதை உரிமையாகக் கேட்க முடியாது என்ற 2006-இன் உமாதேவி தீர்ப்பு குறுக்கே நிற்கும். சம்பளம் கேட்டால் காற்று உங்கள் பக்கம். 2025 ஆகஸ்டில் குஜராத் அரசுப் பொறியியல் கல்லூரிகளில் மாதம் 30,000 ரூபாய்க்கு வேலை பார்த்த ஒப்பந்த உதவிப் பேராசிரியர்களுக்கு, நிரந்தரப் பணியிடத்தின் குறைந்தபட்ச ஊதியம் தரச் சொன்னது உச்ச நீதிமன்றம். பாக்கியை வழக்குப் போட்டதற்கு முந்தைய மூன்று வருடத்துக்குத்தான் கொடுத்தார்கள். ஆகவே இரண்டு கோரிக்கைகளையும் ஒரே மனுவில் குழப்பாமல், சம்பளத்தை முன்னால் வைத்து, குழுவாகச் சேர்ந்து, இப்போதே ரிட்.

போனில் வேலை போன அந்தச் சுயநிதி ஆசிரியருக்கு நான் ரிட் வேண்டாம் என்றேன். அவருக்கு உள்ளபடியே வேண்டியது சான்றிதழ். வேறு கல்லூரியில் இடம் தயாராக இருக்கிறது, அசல் காட்டச் சொல்கிறார்கள். ஆசிரியரின் சான்றிதழைப் பிணையாக வைத்துக்கொள்ளக் கல்லூரிக்கு எந்தச் சட்டமும் உரிமை தரவில்லை. முதலில் வக்கீல் நோட்டீஸ், நகல் பல்கலைக்கழகத்துக்கு. அதோடு பணிக்கொடை மனு. அவருக்கு ஏழு வருட சர்வீஸ். சம்பள பாக்கிக்கு, நோட்டீஸில் கேட்ட நாள் கடந்ததும் சிவில் வழக்கு. வழக்குப் போடும்முன் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவின் லோக் அதாலத்தில் ஒரு முறை உட்கார்ந்து பார்க்கலாம். தீர்ந்தால் அப்பீல் கிடையாது, அன்றோடு முடிந்தது. நிர்வாகம் பாக்கியில் பேரம் பேசும், சான்றிதழை உடனே தரும். அவர் நிலைமையில் அது மோசமான பேரம் இல்லை.

நேற்று அவர் மறுபடி கூப்பிட்டார். கல்லூரியிலிருந்து போன் வந்ததாம்: "ராஜினாமா எழுதிக் கொடுத்துவிட்டு சர்டிபிகேட்டை வாங்கிக்கொண்டு போங்கள். முன்தேதி போட்டு எழுதுங்கள்." எழுதலாமா என்றார். முன்தேதி போட்டால் பாக்கிச் சம்பளத்தில் அத்தனை மாதம் காணாமல் போகும். இன்றைய தேதியில் எழுதி, பாக்கித் தொகையை மாதவாரியாக அதிலேயே குறிப்பிட்டு, மெயிலில் ஒரு நகலை அனுப்பிவிட்டுப் போகச் சொன்னேன். ஒருவேளை அங்கே உட்காரவைத்து வேறு ஏதாவது எழுதி வாங்கினால், அன்று ராத்திரிக்குள் "கட்டாயப்படுத்தி வாங்கினார்கள்" என்று இன்னொரு மெயில் போக வேண்டும். மறுநாள் போனால் அதற்குப் பாதி மதிப்பு, அடுத்த மாதம் போனால் ஒன்றுமில்லை. திங்கட்கிழமை போகிறார், தம்பியையும் கூட்டிக்கொண்டு.